பிள்ளையுப்பு

சுயம்புலிங்கம் எந்தப் பொருளைக் கையில் வாங்கினாலும் உடனே கீழே வைப்பதில்லை. உள்ளங்கையில் ஒரு கணம் ஏந்தி, கண்களைப் பாதி மூடி, மெல்ல ஒருமுறை ஏற்றி இறக்கி, அதன் எடையைச் சொன்ன பிறகே வைப்பார். யாரும் கேட்க வேண்டியதில்லை. கல்யாணப் பத்திரிகையை நீட்டினால், "பதினேழு கிராம். மஞ்சத் தடவுனதச் சேத்தாப் பதினேழரை" என்பார். காப்பித் தம்ளரைக் கொடுத்தால் காப்பி வேறு, தம்ளர் வேறு என்று பிரித்துச் சொல்வார்.

தேனியில் ஏலக்காயும் மிளகும் வாங்கி விற்கும் ஒரு மண்டியில் இருபத்திரண்டு ஆண்டுகளாக எடை போடுபவர் அவர். பலமும் வீசையும் போய்க் கிராமும் கிலோவும் வந்த காலத்தில் ஊரே தடுமாறியது. அவருடைய கை மட்டும் ஒரே வாரத்தில் புது அளவுக்குப் பழகிக்கொண்டது. மலையிலிருந்து மூட்டை இறக்குகிற தோட்டக்காரர்கள் தராசு முள்ளைப் பார்ப்பதில்லை. அவர் முகத்தைப் பார்ப்பார்கள். ஒரு காய்கூடக் குறைத்துச் சொல்ல மாட்டார் என்று அவர்களுக்குத் தெரியும். அவருக்கும் அது தெரியும். தம்மிடம் இருக்கும் பொருள்களில் அதிக எடையுள்ளது அந்த நல்ல பெயர்தான் என்று உள்ளூர ஓர் எண்ணமும் உண்டு.

"எங்க வீட்டுக்காரக தாலியக்கூடக் கையில நிறுத்துப் பாத்துட்டுத்தான் கட்டுனாக" என்று அவர் மனைவி அன்னத்தாய் சொல்வாள். "அரைக் கிராம் கொறஞ்சிருந்தா நான் இன்னைக்கும் கன்னிப் பொண்ணாத்தான் இருந்திருப்பேன்."

இந்தப் பழக்கத்தால் அவருக்கு ஒரே ஒரு குறை. பச்சைப் பிள்ளைகளை யாரும் அவர் கையில் தருவதில்லை. பிள்ளையின் எடையை வாய்விட்டுச் சொன்னால் பிள்ளை இளைத்துப்போகும் என்பது அந்தப் பக்கத்துத் தாய்மாரின் எண்ணம். அவர் வாயோ சொல்லாமல் இராது. ஆகவே தொட்டில் இருக்கும் வீடுகளில் அவரைத் தள்ளியே உட்கார வைப்பார்கள்.

மண்டியின் மொட்டை மாடியில் நின்றால் மேற்கே மலைகள் தெரியும். காலையில் அவை ஊதா நிறத்தில் மிதக்கும். உச்சியில் மேகம் படிந்திருக்கும் நாள்களில், அவை மண்ணில் ஊன்றி நிற்கின்றனவா, வானத்திலிருந்து தொங்குகின்றனவா என்று சொல்ல முடியாது. இருபத்திரண்டு ஆண்டுகளாக அவர் அவற்றைப் பார்த்துக்கொண்டிருந்தார். உலகில் தம் கையால் தூக்கிப் பார்க்க முடியாத பொருள் அது ஒன்றுதான் என்பதால் அவருக்கு அதன்மேல் ஒரு மயக்கம். அங்கே ஏறி நின்று இங்கே பார்க்க வேண்டும், தாம் இல்லாத தேனி எப்படி இருக்கிறதென்று ஒருமுறை பார்த்துவிட வேண்டும் என்பது அவருடைய நெடுநாள் கனவு.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எழுபத்து நான்காம் ஆண்டு, மாசி மாதத்தில் அந்தக் கனவுக்குத் துணை கிடைத்தது. கடைத்தெருவில் இரும்புச் சாமான் கடை வைத்திருந்த பொன்னுராஜ் தானாகவே வந்து, "அண்ணாச்சி, குரங்கணியில இருந்து நடந்தே உச்சிக்கு ஏறுவோமா? வழியில தொட்டிலாம்பாறைன்னு ஒரு சின்ன ஊரு. அங்கன ஒரு ராத்திரி தங்கிட்டு மறுநா மேல போயிரலாம்" என்றான். பண்ணைப்புரத்திலிருந்து அவரைக்காய் மூட்டைகளோடு சந்தைக்கு வரும் நல்லகண்ணு, "நானும் வாரேன். நம்ம பூமிய மேல இருந்து பாத்தா வரப்பு கோணலா இருக்கா நேரா இருக்கான்னு தெரிஞ்சு போகும்" என்று சேர்ந்துகொண்டான். மதுரையில் பழைய பட்டாளத்துச் சாமான் விற்கும் கடையில் மூன்று மிலிட்டரிப் பைகள் வாங்கி வரப்பட்டன.

புறப்படுவதற்கு முந்தைய மாலை, மூவரும் சுயம்புலிங்கத்தின் வீட்டுக் கூடத்தில் பைகளைப் பிரித்து உட்கார்ந்தார்கள். நடுவில் தராசு தொங்கியது. சட்டம் அவர் போட்டதுதான்: ஆளுக்குப் பத்துக் கிலோ. ஒரு கிராம் கூடக் கூடாது.

"மலையில ஒவ்வொரு கிராமும் வாய் பேசும்டா" என்றார். "அடிவாரத்துல ஐயா சாமின்னு பேசும். பாதி ஏத்தத்துல வாடா போடாங்கும்."

நல்லகண்ணுவின் பை பதினெட்டுக் கிலோ இருந்தது. அதிலிருந்து ஒரு பித்தளைச் செம்பு, இரண்டு அரிவாள்கள், ஒரு சீப்பு நாட்டு வாழைப்பழம், ஒரு தலையணை, மான் கொம்புப் பிடி போட்ட குடை எல்லாம் வெளியே வந்தன.

"ஏலே, தலையணை எதுக்குடா?"

"தலை எதுக்கு அண்ணாச்சி இருக்கு?"

"ரெண்டு அரிவா?"

"ஒண்ணு தொலஞ்சு போச்சுன்னா?"

அன்னத்தாய் அடுக்களையிலிருந்து சிரித்தாள். சுயம்புலிங்கம் சிரிக்கவில்லை. எடை குறைப்பதை அவர் ஒரு பூசையைப் போலச் செய்தார். பல்பொடியை டப்பாவிலிருந்து தாளில் மடித்தார். சோப்பை நூலால் அறுத்துக் கால் பாகமாக்கினார். அடுக்குப் பாத்திரத்தை ஒதுக்கிவிட்டுப் புளியோதரையைப் பாக்கு மட்டையில் கட்டச் சொன்னார். சட்டைகளில் இருந்த மாற்றுப் பொத்தான்களைக்கூட அறுத்து எடுத்தார். ஒவ்வொரு பொருளையும் ஏந்தி, "நீ வரணுமா?" என்று அதனிடமே கேட்பதுபோல ஒரு கணம் பார்த்து, இடப்பக்கமோ வலப்பக்கமோ வைத்தார்.

பொன்னுராஜின் பையில் ஒரு மூட்டை இருந்தது. புது வெள்ளைத் துணியில், சிவப்பு நூலால் ஏழு சுற்றுச் சுற்றிக் கட்டப்பட்டிருந்தது.

"இது என்ன?" ஏந்தினார். "ரெண்டு கிலோ இருநூறு."

"உப்பு அண்ணாச்சி."

"உப்பா! மூணு பேருக்கு, ரெண்டு நாளைக்கு, ரெண்டு கிலோ உப்பா? நாம மலை ஏறப் போறோமா, ஊறுகா போடப் போறோமா?"

"அது இருக்கட்டும். வேற எதையும் எடுத்துக்கங்க. உப்புல மட்டும் கை வைக்காதீக."

"ஏன்னு சொல்லு."

பொன்னுராஜ் தலையைச் சொறிந்தான். "வீட்டுல குடுத்துவிட்டது" என்றான். கம்பளியை எடுத்துப் போட்டான். செருப்புக்கு மாற்றை எடுத்துப் போட்டான். துண்டில் ஒன்றை எடுத்தான். குளிரில் விறைத்தாலும் சரி, உப்பு வர வேண்டும் என்பதுபோல இருந்தது அவன் பிடிவாதம். கடைசியில் எடுப்பதற்கு ஒன்றும் இல்லாமல் போனபோது தராசு பத்துக் கிலோ முந்நூற்றைம்பது காட்டியது.

"போகட்டும் அண்ணாச்சி. சொமக்கிறவன் நான்தான்" என்றான் பொன்னுராஜ்.

பைகளை அங்கேயே வைத்துவிட்டு இருவரும் போனார்கள். விடியலில் அன்னத்தாய் வாசல் தெளித்துக்கொண்டிருந்தபோது சுயம்புலிங்கம் மூன்று பைகளையும் ஒருமுறை தூக்கிப் பார்த்தார். பத்து. பத்து. பத்து முந்நூற்றைம்பது. ஒரு நல்ல பாட்டில் ஒரு சொல் துருத்திக்கொண்டிருப்பதுபோல அது அவரை உறுத்தியது. நண்பனின் தோளுக்கு நல்லதுதானே என்று தமக்குத்தாமே ஒரு காரணம் சொல்லிக்கொண்டார். உண்மையில் அவருக்கு வேண்டியிருந்தது மூன்று பத்துகள்.

சிவப்பு நூலை அவிழ்த்தார். முந்நூற்றைம்பது கிராம் கல்லுப்பைக் கையாலேயே அள்ளினார். அந்தக் கைக்குத் தராசு எதற்கு? அதை அடுக்களையில் இருந்த உப்புச் சாடியில் கொட்டினார். நூலை முன்போலவே ஏழு சுற்றுச் சுற்றி, அதே இடத்தில் முடிந்தார். பிறகு மூன்று பைகளையும் தூக்கிப் பார்த்துச் சிரித்துக்கொண்டார்.

குரங்கணிவரை ஜீப்பில் போனார்கள். அங்கிருந்து பாதை காப்பித் தோட்டங்களுக்கு நடுவே ஏறியது. வெயில் இலைகளின் இடுக்கில் காசு காசாக விழுந்து கிடந்தது. ஓடைகளின் சத்தம் எந்தப் பக்கத்திலிருந்து வருகிறதென்று தெரியவில்லை. ஒரு திருப்பத்தில் முன்னால் கேட்டது அடுத்த திருப்பத்தில் பின்னால் கேட்டது. பைகள் முதுகில் இருப்பதே தெரியாத அளவுக்கு இலேசாக இருந்தன. மேலே ஏற ஏற மரங்களின் காலடியில் வெண்பனி தவழ்ந்து வந்தது. தூக்கத்தில் நடப்பதுபோல, ஒருவர் காலடியில் மற்றவர் காலை வைத்து நடந்தார்கள்.

பாதி வழியில், சுமையை இறக்கி வைப்பதற்கென்று இடுப்பளவு உயரத்தில் கல் பாவியிருந்த ஓரிடத்தில் பைகளை வைத்தார்கள். நல்லகண்ணு தண்ணீர் குடிக்க ஓடைக்கு இறங்கினான். பொன்னுராஜ் தன் பையைத் தடவிக்கொடுத்தபடி இருந்தான்.

"அண்ணாச்சி, உங்ககிட்ட மட்டும் சொல்றேன். சிரிக்கக் கூடாது. வேதக்கோயில் சபையில தெரிஞ்சா பாதிரி ஐயர் என்னையத்தான் பிரசங்கத்துல வைப்பாக."

"சொல்லு."

"என் மக சுகிர்தம் தொட்டிலாம்பாறையிலதான் பொறந்தா."

சுயம்புலிங்கத்துக்கு அது தெரியாது. ஐப்பசி மழையில் பிறந்தாள் என்பதுதான் தெரியும். பொன்னுராஜுக்கும் கிருபாவதிக்கும் கல்யாணமாகிப் பதினான்கு ஆண்டுகளுக்குப் பிறகு, இரண்டு பிள்ளைகள் தங்காமல் போன பிறகு, வந்த பிள்ளை அவள்.

"கிருபா மேல எஸ்டேட்ல அவுக அக்கா வீட்டுல இருந்தா. மழையில ரோடு சரிஞ்சு போச்சு. நாள் இன்னும் இருக்கேன்னு டோலி கட்டி இந்த வழியா எறக்குனாக. தொட்டிலாம்பாறை வாரப்பயே வலி எடுத்துருச்சு. அங்கன மூக்கம்மாள்னு ஒரு அம்மா. அவுகதான் கையில ஏந்துனாக. பிள்ளை அழுகல அண்ணாச்சி. நீலம் பாரிச்சுப் போயிருந்துச்சாம். அந்த அம்மா ஊத்துத் தண்ணிய முகத்துல அடிச்சு அழுக வச்சாக."

"பெறகு?"

"அந்த ஊருல ஒரு பழக்கம். ஆதியில மலையும் கடலும் கொண்டான் கொடுத்தானா இருந்துச்சாம். மலை நெதமும் தண்ணியக் கீழ அனுப்புமாம். கடலுக்கும் பதிலுக்கு உப்புக் குடுக்க ஆசை. ஆனா அதுக்கு ஏறி வரக் காலு இல்ல. ரொம்ப நா அழுது பாத்துட்டு, மனுசங்கிட்டச் சொல்லுச்சாம்: எனக்காக நீ சொமந்து போன்னு. அதனால அந்த ஊருல பொறந்து கீழ போற பிள்ளையும் ஓடையில போற தண்ணி மாதிரியாம். பிள்ளை எடைக்கு உப்பு ஏறி வரணும். பிள்ளை தவழுறதுக்கு முன்ன வரணும். அது வரைக்கும் பிள்ளை மலைக்குத்தான் சொந்தம். மலை எப்ப வேணாலும் திருப்பிக் கேக்கலாம். பிள்ளையுப்புன்னு பேரு."

சுயம்புலிங்கம் வலக்கையை வேட்டியில் துடைத்தார்.

"பிள்ளை எடை எப்படித் தெரியும்னு கேக்க மாட்டேங்கிறீகளே! அந்த அம்மா ஒரு கையில பிள்ளையையும் மறு கையில ஓடைக் கல்லு ஒவ்வொண்ணாவும் எடுத்துப் பாத்து, ஒரு கல்லக் கிருபா மடியில வச்சாக. இந்தக் கல்லு எடைக்கு உப்புன்னு. கிருபா அந்தக் கல்லத் தொட்டிலுக்கு அடியில வச்சிருக்கா. நான் நம்புறனா இல்லையாங்கிறது வேற, அண்ணாச்சி. அவ ராத்திரியில எந்திரிச்சு எந்திரிச்சுப் பிள்ளை மூச்ச தொட்டுத் தொட்டுப் பாக்கிறா. போன வாரம் சுகிர்தம் கவுந்து படுத்துருச்சு. இனித் தவழ எத்தனை நா ஆகும்?"

நல்லகண்ணு ஈர முகத்தோடு மேலே வந்தான். "என்ன, ரெண்டு பேரும் சொத்துப் பிரிக்கிறீகளா?" என்றான். சுயம்புலிங்கம் திறந்த வாயை மூடிக்கொண்டார்.

மீண்டும் நடந்தபோது அவருடைய பை பத்துக் கிலோதான் இருந்தது. ஆனாலும் தோள்பட்டை இறங்கி வந்தது. சொல்லிவிடு என்றது மனம். முந்நூற்றைம்பது கிராம்தானே, எந்தக் கைக்கு அது தெரியப்போகிறது என்றது அதே மனம். பத்து அடி நடந்தபிறகு அதற்குப் பதிலும் அதுவே சொன்னது: உன் கைக்குத் தெரியுமே.

தொட்டிலாம்பாறை ஒன்பது வீடுகள் கொண்ட ஊர். தொட்டில் போலக் குழிந்த பெரும்பாறை ஒன்று ஊருக்கு மேலே தொங்கிக்கொண்டிருந்தது. அதன் இடுக்கிலிருந்து ஊற்று ஒன்று ஒலியில்லாமல் வழிந்தது. பனி வீடுகளுக்குள் போய்ப் போய் வந்தது. மூக்கம்மாள் ஐம்பது வயதைத் தாண்டாத, உயரமான பெண். மிளகுக் கொடிக்குக் கழி ஊன்றிக்கொண்டிருந்தவள், பொன்னுராஜின் கையிலிருந்த வெள்ளை மூட்டையைக் கண்டதும் கையைக் கழுவிவிட்டு வந்தாள்.

"வந்துட்டீகளா சாமி? பிள்ளை சொகமா?"

"நல்லாருக்கா ஆத்தா. கவுந்துட்டா."

"கவுந்துட்டாளா கழுதை!" அவள் சிரித்தாள். வீடுகளிலிருந்து பெண்கள் வந்து சுற்றி நின்றார்கள். மூக்கம்மாள் இரண்டு கைகளையும் சேர்த்து நீட்டினாள், பிள்ளையை வாங்குவதுபோல. பொன்னுராஜ் மூட்டையை அதில் வைத்தான். அவள் கண்களைப் பாதி மூடினாள். மெல்ல ஒருமுறை ஏற்றி இறக்கினாள்.

சுயம்புலிங்கம் தம்மையே எதிரில் பார்ப்பதுபோல நின்றார்.

மூக்கம்மாளின் சிரிப்பு மெதுவாக அணைந்தது. மூட்டையின் அடிப்பக்கத்தைத் தடவினாள். இல்லாத எதையோ விரல்களால் தேடினாள்.

"சாமி" என்றாள், குழம்பிய குரலில். "பிள்ளைக்கு ஒரு காலைக் காணோமே."

ஊற்று மட்டும் வழிந்தது. பொன்னுராஜின் முகம் வெளுத்துப்போயிற்று.

"அப்படி இருக்காது ஆத்தா. கல்ல வச்சு நிறுத்தது. பெறகு, இது எங்க அண்ணாச்சி கையில ஏறி எறங்குன மூட்டை. ரெண்டு கிலோ இருநூறுன்னு அவுக வாயாலயே சொன்னாக. தேனியில யாரை வேணாலும் கேட்டுப் பாருங்க, அவுக கை தப்பாது. நீக இன்னொரு தடவை பாருங்க."

"என் கையி பிள்ளையத் தொட்ட கையி. மறக்குமா?" என்றாள் அவள். கோபம் இல்லை. அது இன்னும் மோசமாக இருந்தது.

"பொன்னு." சுயம்புலிங்கத்தின் குரல் அவருக்கே அன்னியமாகக் கேட்டது. "அந்த அம்மா சொல்றதுதான் சரி. முந்நூத்தம்பது கிராம் குறையும். நான்தான் எடுத்தேன். விடியக்காலையில."

"எடுத்தீகளா?"

"உன் பை பத்துக் கிலோவுக்கு மேல இருந்துச்சு."

பொன்னுராஜ் அவரையே பார்த்துக்கொண்டு நின்றான். திட்டியிருந்தால் தாங்கியிருக்கலாம். "உப்புல மட்டும் கை வைக்காதீகன்னு சொன்னேனே அண்ணாச்சி" என்று மட்டும் சொல்லிவிட்டு, ஒரு கல்லின்மேல் போய் உட்கார்ந்து முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

மூக்கம்மாள் மூட்டையை அவிழ்க்காமல் வாசல் கொய்யாமரத்தின் கிளையில் தொங்கவிட்டாள். "குறைஞ்ச பிள்ளைய நான் வாங்க முடியாது, ஐயா" என்றாள் சுயம்புலிங்கத்திடம்.

மறுநாள் காலை உச்சிக்கு ஏறி, இருபத்திரண்டு ஆண்டுக் கனவைக் கண்ணால் காண வேண்டிய மனிதர், அந்தப் பகலிலேயே திரும்பிக் கீழே நடந்தார். பையை அங்கேயே கொட்டிக் காலியாக்கிக்கொண்டார். வெறும் பை முதுகில் காய்ந்த இலைபோலக் கிடந்தது. ஒரு காலைத் திருடிக்கொண்டு ஓடுகிறவனைப்போலத் தாம் ஓடுவதாக அவருக்கு வழியெல்லாம் தோன்றியது. எங்கோ ஒரு தொட்டிலில் ஒரு பிள்ளை தவழ முயன்று முயன்று ஒரு பக்கமாகவே சாய்வதுபோல ஒரு காட்சி கண்முன் வந்து வந்து போயிற்று. அவர் இப்படிப்பட்டவற்றை நம்புகிறவர் அல்லர். இருந்தாலும் கால்களை எட்டிப் போட்டார்.

தேனியில் விளக்கு வைக்கிற நேரம். கிருபாவதி கதவைத் திறந்தாள். அவர் பின்னால் யாரும் இல்லாததைக் கண்டதும் அவள் கை கதவை இறுகப் பற்றிக்கொண்டது.

"அவுக எங்க அண்ணாச்சி?"

"நல்லாருக்கான். பயப்படாத ஆத்தா. தப்புப் பண்ணுனவன் மட்டும் எறங்கி வந்திருக்கேன்."

நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னார். ஒரு கிராமையும் மறைக்கவில்லை. கிருபாவதி கேட்டு முடித்த பிறகே கதவைப் பற்றியிருந்த கையை எடுத்தாள்.

"மூணு பை சமமா இருக்கணும்னா எடுத்தீக?"

"ஆமா."

"மண்டியில யாராவது இப்படி எடுத்தா விடுவீகளா?"

"விட மாட்டேன்."

"நான் அந்த அம்மாவுக்குச் சத்தியம் பண்ணிக் குடுத்தேன் அண்ணாச்சி. நான் வேதத்து மேல சத்தியம் பண்றவ. அவுகளுக்காக அந்த ஊத்துத் தண்ணிய அள்ளிப் பண்ணுனேன்."

"எடுத்ததக் குடுத்துடுறேன் ஆத்தா. முந்நூத்தம்பது. இப்பவே வாங்கி..."

"காலை மட்டும் தனியாவா கொண்டு போவீக?" அவள் குரல் உடைந்தது. "முழுசாக் கொண்டு போங்க."

உள்ளே போய், தொட்டிலுக்கு அடியிலிருந்து அந்த ஓடைக் கல்லை எடுத்து வந்தாள். வழுவழுப்பான சாம்பல்நிறக் கல். பிறகு உப்புச் சாடியையும் கைத்தராசையும் கொண்டுவரத் திரும்பினாள். அப்போது தொட்டிலில் பிள்ளை சிணுங்கியது. கிருபாவதி ஒரு கணம் தயங்கினாள். அவர் யார், அவர் பழக்கம் என்ன என்பதை ஊரில் அறியாதவர் யார்? ஆனாலும் பிள்ளையைத் தூக்கி, நேரே அவர் கைகளில் வைத்தாள்.

"செத்த நேரம் பிடிங்க."

கைகள் தாமாகவே ஏந்தின. கண்கள் தாமாகவே பாதி மூடின. எடை நாக்கின் நுனிவரை வந்துவிட்டது. பிள்ளை அவர் சட்டையைப் பற்றிக்கொண்டு இரண்டு கால்களாலும் அவர் விலாவில் உதைத்தது. இரண்டு கால்கள். அவர் குனிந்து பார்த்தார். எண்ணிப் பார்த்தார் என்றே சொல்ல வேண்டும்.

"எம்புட்டு இருக்கா?" என்று உள்ளிருந்து கேட்டாள் கிருபாவதி. அவரைச் சோதிக்கத்தான் கேட்டாளோ என்னவோ.

"தெரியல ஆத்தா" என்றார் சுயம்புலிங்கம். அந்தச் சொல்லை அவர் வாய் சொல்லி இருபத்திரண்டு ஆண்டுகள் இருக்கும்.

தராசின் ஒரு தட்டில் கல். மறு தட்டில் உப்பு. முள் நேராக நின்ற பிறகும் அவர் நம்பாமல் தட்டுகளை மாற்றி வைத்து நிறுத்தார். கிருபாவதி சிவப்பு நூலை ஏழு சுற்றுச் சுற்றி முடிந்து கொடுத்தாள்.

மறுநாள் விடியலில் குரங்கணியிலிருந்து தனியாக ஏறினார். பையில் அந்த ஒரு மூட்டை மட்டும். கட்டுச்சோறு இல்லை, துண்டு இல்லை, பல்பொடி இல்லை. பையை முதுகில் போடவும் மனம் வரவில்லை; மார்போடு அணைத்துக்கொண்டார். சுமை இறக்கும் கல்லைத் தாண்டி மேலே போனபோது ஒரு வளைவில் மரங்கள் விலகிப் பள்ளத்தாக்கு தெரிந்தது. தேனி தெரியவில்லை. பள்ளம் முழுவதும் வெண்மேகம் தயிர்போல உறைந்து கிடந்தது. அதற்கு அடியில் எங்கோ மண்டியும் தராசும், ஒரு தொட்டிலும் இருந்தன. அவர் அங்கே நிற்கவில்லை.

ஊர் எல்லையில் நல்லகண்ணு எதிரே ஓடிவந்தான். "அண்ணாச்சி, நாங்க மேல போகல. போகலாம்னு நான் சொன்னேன், அவன் எந்திரிக்கல. குறை உப்பையாவது குடுங்க, புளியோதரையில உப்புப் பத்தலைன்னு கேட்டேன், அந்த அம்மா அடிக்க வந்துட்டாக."

பொன்னுராஜ் அதே கல்லின்மேல் இருந்தான். எழுந்து வந்தான். அவர் மார்போடு பையை அணைத்திருந்த விதத்தைப் பார்த்தான். அவர் தோளிலிருந்த வாரை மெதுவாக விலக்கிப் பையைத் திறந்தான். மூட்டையை அவன் எடுக்கவில்லை.

"நீகளே குடுங்க" என்றான்.

மூக்கம்மாள் கைகளைச் சேர்த்து நீட்டினாள். சுயம்புலிங்கம் மூட்டையை அதில் வைத்தார். அவள் கண்களைப் பாதி மூடி ஏற்றி இறக்கினாள். அந்த ஒரு கணத்தில், தம் வாழ்நாளில் எத்தனை பேர் இப்படித் தம் முகத்தைப் பார்த்துக் காத்து நின்றிருப்பார்கள் என்று அவருக்குத் தோன்றியது.

"வந்துட்டா" என்றாள் மூக்கம்மாள். "ரெண்டு காலோட வந்துட்டா."

பெண்கள் குலவையிட்டார்கள். பொன்னுராஜ் முகத்தைத் துண்டால் மூடிக்கொண்டான். மூக்கம்மாள் நூலை அவிழ்த்து, முதல் பிடியை ஊற்றில் கரைத்தாள். அது ஓடைக்குள் இறங்கிக் கீழே போயிற்று. பிறகு மீதி உப்பை ஒரு மூங்கில் தட்டில் கொட்டிச் சுயம்புலிங்கத்திடம் நீட்டினாள்.

"ஒம்பது வீடு. வீட்டுக்கு ஒரு பிடி. வாங்க வேண்டியவுக நாங்க. குடுக்க வேண்டியவுக நீக. எடுத்த கையாலயே குடுங்க. அப்பத்தான் கணக்குத் தீரும்."

"தராசு?" என்று பழக்கத்தில் கேட்டுவிட்டார்.

"பிடிக்கு ஏதுய்யா தராசு?"

பொன்னுராஜ் தட்டை வாங்கிப் பிடித்துக்கொண்டு அவர் பக்கத்தில் நடந்தான். ஒவ்வொரு வாசலிலும் ஒரு பெண் பானையோ கொட்டாங்குச்சியோ நீட்டினாள். சுயம்புலிங்கம் அள்ளினார். முதல் வாசலில் கை தானாக நின்றது. மெல்ல ஏறி இறங்கப் பார்த்தது. அவர் அதைத் தடுத்து விரல்களைத் திறந்தார். மூன்றாம் வாசலில் கை கொஞ்சம் தாராளமாயிற்று. ஆறாம் வாசலில் நாலைந்து கல்லுப்பு மண்ணில் சிந்த, குனிந்து ஒவ்வொன்றாகப் பொறுக்கி, ஊதி, பானையில் போட்டார். கடைசி வீட்டில் தட்டில் மிஞ்சியிருந்ததெல்லாம் ஒரு பிடியைவிடக் கூடுதலா குறைவா என்று பார்க்காமல், இரண்டு கைகளாலும் அள்ளி, அள்ளியபடியே கொட்டினார்.